கல்லைப் பார்ப்பதா, கதையைக் கேட்பதா?

ஐரோப்பாவுக்குப் புறப்படுகிறவர்கள் என்னிடம் கேட்கும் கேள்விகளில் முக்கால்வாசி சாப்பாட்டைப் பற்றியவை. தயிர் கிடைக்குமா, காப்பி வாயில் வைக்கும்படி இருக்குமா என்பன போன்றவை. மீதியில் ஒரு நல்ல கேள்வி உண்டு. "ரோமாபுரியில் இடிபாடுகளைப் பார்ப்பதற்கு ஒரு கைடு வைத்துக்கொள்ள வேண்டுமா? அல்லது கையில் ஒரு புத்தகத்துடன் நாமே சுற்றிப் பார்த்துவிடலாமா?" என்கிறார்கள்.

காசு மிச்சமாகுமா என்பதுதான் கேட்கிறவரின் கவலை. ஆனால் கேள்வி என்னவோ காசைவிடப் பெரியது. இரண்டாயிரம் வருஷத்துக் கல் ஒன்றின் முன்னால் போய் நிற்கும்போது, முதலில் வேலை செய்ய வேண்டியது நம் கண்ணா, காதா? அதைத்தான் அவர் கேட்கிறார்.

இது நேற்று முளைத்த வழக்கு அல்ல. கி.பி. முதல் நூற்றாண்டில் பிறந்த புளூடார்க் என்னும் கிரேக்க ஆசிரியர், டெல்பி திருத்தலத்தைச் சுற்றிப் பார்க்கும் சிலரை வைத்து ஓர் உரையாடல் எழுதியிருக்கிறார். அங்குள்ள வழிகாட்டிகள், மனப்பாடம் செய்து வைத்திருப்பதைக் கடகடவென்று ஒப்பித்துக்கொண்டே போகிறார்கள். கொஞ்சம் சுருக்கிக்கொள்ளுங்கள், எல்லாக் கல்வெட்டுக்கும் வியாக்கியானம் வேண்டாம் என்று வந்தவர்கள் கெஞ்சிப் பார்க்கிறார்கள். பலிக்கவில்லை. இதை எழுதிய புளூடார்க் அதே டெல்பியில் பூசாரியாக இருந்தவர் என்பதைக் கவனியுங்கள். ஊர்க்காரரே இப்படி அலுத்துக்கொண்டால், வெளியூர்க்காரர்கள் பாடு எப்படி இருந்திருக்கும்!

அப்படியானால் கைடே வேண்டாம் என்று சொல்லிவிடலாமா? அவசரப்பட வேண்டாம். ரோமாபுரியின் நடு மையத்தில் இருக்கும் ஃபோரத்துக்கு வாருங்கள்.

பாலடைன் குன்றுக்கும் காபிடல் குன்றுக்கும் நடுவே உள்ள பள்ளம் அது. ஒரு காலத்தில் சந்தை, நியாயஸ்தலம், செனட் சபை, கோயில், வெற்றி ஊர்வலம் எல்லாம் அங்கேதான். இன்று துணையில்லாமல் அங்கே இறங்குகிறவர் என்ன பார்க்கிறார்? இங்கே மூன்று தூண்கள், அங்கே எட்டுத் தூண்கள், நடுவே செங்கல் குவியல்கள், சில பூனைகள். எல்லாம் ஒரே காலத்தில் கட்டி ஒரே நாளில் இடிந்தவை போல அவருக்குத் தோன்றும். ஆனால் அந்த மூன்று தூண்கள் நிற்கும் காஸ்டர் கோயில் முதலில் பிரதிஷ்டை ஆனது கி.மு. 484-இல். இப்போது நாம் பார்க்கும் தூண்களோ கி.பி. 6-இல் புதுப்பித்துக் கட்டியபோது நிறுத்தியவை. சற்றுத் தள்ளித் தன்னந்தனியாக நிற்கும் ஃபோகாஸ் சக்கரவர்த்தியின் ஸ்தம்பம் 608-ஆம் வருஷத்தது. கோயிலுக்கும் ஸ்தம்பத்துக்கும் இடையே ஆயிரம் வருஷத்துக்கு மேல்! நம் கண்ணுக்கு இரண்டும் வெறும் 'பழசு'. கண்ணுக்கு வயது கணிக்கத் தெரியாது. யாராவது சொல்லித்தான் ஆக வேண்டும்.

அதே ஃபோரத்தில் செப்டிமியஸ் செவரஸின் வெற்றி வளைவு இருக்கிறது. கட்டியது 203-இல். பார்த்திய நாட்டுப் போரில் பெற்ற வெற்றிக்காகத் தகப்பனுக்கும் அவருடைய இரண்டு பிள்ளைகளுக்கும் எடுத்த ஞாபகச் சின்னம். நான் அங்கே போயிருந்தபோது எங்கள் கூட்டத்துக்கு வாய்த்த கைடு ஒரு வயதான அம்மாள். அவர் வளைவின் அகல உயரங்களைச் சொல்லவில்லை. கையிலிருந்த குடையை மடக்கி மேலே காட்டி, "நாலாவது வரியை மட்டும் பாருங்கள்" என்றார். பார்த்தோம். மற்ற வரிகளைப் போல்தான் இருந்தது. "எழுத்துக்களைப் பார்க்க வேண்டாம். எழுத்துக்களோடு ஒட்டாத துளைகளைப் பாருங்கள்" என்றார்.

அப்போதுதான் தெரிந்தது. அந்தக் கல்லில் முதலில் வெண்கல எழுத்துக்களைப் பதித்திருந்தார்கள். 211-இல் தகப்பன் இறந்தார். அந்த வருஷ முடிவுக்குள் மூத்தவன் காரகல்லா தம்பி கெட்டாவைத் தாயின் கண்ணெதிரே கொல்வித்தான். பிறகு சாம்ராஜ்யம் முழுவதும் தம்பியின் பெயரையும் உருவத்தையும் அழிக்கச் சொன்னான். வளைவிலிருந்த பெயரைப் பிடுங்கிவிட்டு, அந்த இடத்தை நிரப்ப அண்ணனையும் தகப்பனையும் புகழும் சொற்களைப் பொருத்தினார்கள். ஆனால் பழைய எழுத்துக்களுக்கு ஆணி அடித்த துளைகள் அப்படியே இருந்துவிட்டன. கொலை செய்தவன் போய் ஆயிரத்து எண்ணூறு வருஷமாகிறது. துளைகள் இன்னும் சாட்சி சொல்லிக்கொண்டிருக்கின்றன.

தனியாகப் போயிருந்தால், வளைவின் முன்னால் ஒரு படம் எடுத்துக்கொண்டு நகர்ந்திருப்பேன். அந்த அம்மாளுக்குக் கொடுத்த கூலி அந்த ஒரு குடை நீட்டலுக்கே சரியாகிவிட்டது.

இத்துடன் கட்டுரையை முடித்துவிட்டால் கைடுகளின் சங்கத்தார் எனக்கு மாலை போடுவார்கள். ஆனால் வழக்கின் மறுபக்கமும் இருக்கிறது.

கைடு என்பவர் தொழிலில் எனக்குப் பங்காளி. நானும் கதை சொல்லிப் பிழைக்கிறேன். அவரும் கதை சொல்லிப் பிழைக்கிறார். என் கதையைக் கதை என்று சொல்லி விற்கிறேன். அவர் சரித்திரம் என்று சொல்லி விற்கிறார். வித்தியாசம் அவ்வளவுதான். ரோம் பற்றி எரிந்தபோது நீரோ பிடில் வாசித்தான் என்று நமக்கெல்லாம் தெரியும். 64-இல் தீப்பற்றியபோது அவன் ஊரிலேயே இல்லை, ஆன்டியம் என்ற கடற்கரைப் பட்டணத்தில் இருந்தான் என்று டாசிடஸ் எழுதி வைத்திருக்கிறார். பிடில் என்ற வாத்தியம் பிறப்பதற்கோ இன்னும் ஆயிரத்து நானூறு வருஷங்களுக்கு மேல் பாக்கி இருந்தது. இருந்தாலும் கதை சாகவில்லை. நல்ல கதைக்கு ஆதாரம் தேவைப்படுவதில்லை.

இது வேடிக்கை. வேடிக்கையில்லாத ஒன்றையும் சொல்கிறேன்.

நேப்பிள்ஸுக்குப் பக்கத்தில் இருக்கும் பாம்பேய் நகரம், வெசூவியஸ் எரிமலை கக்கிய சாம்பலில் 79-இல் புதைந்துபோயிற்று. சாம்பல் இறுகியது; உள்ளே இருந்த உடல்கள் காலப்போக்கில் மக்கி, அவற்றின் வடிவத்தில் வெற்றிடம் மிஞ்சியது. 1863-இல் பியோரெல்லி என்ற அகழ்வாராய்ச்சியாளர், அந்த வெற்றிடங்களில் சாந்து ஊற்றி இறுக வைத்து வெளியே எடுத்தார். செத்தவர்கள் கடைசி நிமிஷத்தில் கிடந்த கோலம் அப்படியே கிடைத்தது. அதே முறையில் பின்னால் எடுத்தவற்றில், தங்க வளையல் வீடு என்று பெயர் பெற்ற மாளிகையின் நால்வர் உண்டு. ஒருவர் கையில் கனமான தங்க வளையல். அவரோடு ஒரு குழந்தை. தாயும் சேயும் என்றார்கள். பக்கத்தில் கிடந்தவர் தகப்பன், இன்னொரு குழந்தை என்று குடும்பத்தைப் பூர்த்தி செய்தார்கள். புத்தகங்களில் எழுதினார்கள். கேட்டவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

2024 நவம்பரில் ஒரு விஞ்ஞானக் குழுவினர், சாந்துக்குள் இருந்த எலும்புகளின் மரபணுவைச் சோதித்து முடிவை வெளியிட்டார்கள். வளையல் அணிந்திருந்தவர் ஆண். குழந்தைக்கும் அவருக்கும் இரத்த சம்பந்தம் கிடையாது. நால்வருமே ஆண்கள், ஒருவருக்கு ஒருவர் உறவில்லாதவர்கள்.

தாய் போனாள், குடும்பம் போயிற்று. ஆனால் துக்கம் போயிற்றா? பெற்றவரல்லாத ஒருவரின் அருகில் ஒரு குழந்தை தன் கடைசி மூச்சை விட்டிருக்கிறது. அவர் யார், அந்தக் குழந்தை அவரிடம் எப்படி வந்தது என்று கல்லும் சாம்பலும் சொல்லவில்லை. எந்த நாவலாசிரியனும் துணிந்து எழுதத் தயங்கும் காட்சி அது. வளையலைக் கண்டவுடன் பெண், பெண்ணோடு குழந்தையைக் கண்டவுடன் தாய் என்று முடிவு கட்டிய அவசரத்தில், இந்தக் கேள்வியைக் கேட்கவே யாருக்கும் தோன்றாமல் போய்விட்டது. காதில் விழுந்த கதை கண்ணை மூடிவிடுகிறது என்று நான் பயப்படுவது இதனால்தான்.

ஆகவே பாம்பேயைத் தனியாகத்தான் பார்க்க வேண்டும் என்பேன். ஃபோரத்தைப் போல ஆயிரம் வருஷங்களை அங்கே அடுக்கி வைத்திருக்கவில்லை. ஓர் ஊர் ஒரு நாள் நின்றுபோய்விட்டது. நின்ற ஊரைப் படிக்க, ஊரில் வாழ்ந்த அனுபவம் நமக்குப் போதும். தெருவில் கற்பாளங்கள், அவற்றில் வண்டிச் சக்கரம் அறுத்த தடங்கள். குறுக்கே கடக்க உயரமான கற்கள். தெருவில் தண்ணீரும் சாக்கடையும் ஓடியிருக்கும் என்று சொல்லாமலே புரிகிறது. தெரு முனைக் குழாயடியில், தண்ணீர் குடிக்கக் குனிந்தவர்கள் கையூன்றிய இடம் தேய்ந்து பள்ளமாயிருக்கிறது. சுவர்களில் தேர்தல் விளம்பரம்: இன்னாரைத் தேர்ந்தெடுங்கள், யோக்கியர் என்று. ஒரு ரொட்டிக் கடை அடுப்பைத் திறந்தபோது 81 ரொட்டிகள் கரியாகி உள்ளேயே இருந்தன. இதற்கெல்லாம் கைடு எதற்கு?

வழி தவறிவிடுமே என்று பயம் வேண்டாம். அதே பியோரெல்லி ஊரை ஒன்பது வட்டாரங்களாகப் பிரித்து, ஒவ்வொரு வாசலுக்கும் கதவிலக்கம் கொடுத்திருக்கிறார். கையில் ஒரு வரைபடம் இருந்தால் தபால்காரரைப் போல வீடு வீடாகப் போகலாம். காலையில் கதவு திறக்கும்போதே போய்விடுங்கள். கூட்டம் பொறுக்காமல், நாளொன்றுக்கு 20,000 பேருக்கு மேல் விடுவதில்லை என்று 2024-இல் கட்டுப்பாடு கொண்டுவந்திருக்கிறார்கள்.

இப்போது மூன்றாவது வழி ஒன்றும் வந்திருக்கிறது. காதில் மாட்டிக்கொள்ளும் கருவி. பொத்தானை அமுக்கினால் பேசும். மறுபடி அமுக்கினால் வாயை மூடும். டெல்பியில் கெஞ்சியவர்கள் கையில் அது கிடைத்திருந்தால் பூஜை போட்டிருப்பார்கள். ஆனால் அதனிடம் எதிர்க்கேள்வி போட முடியாது. குடையை நீட்டி, துளையைப் பார் என்று காட்டவும் அதற்குக் கையில்லை.

முடிவு என்ன? ஒருவர் செய்து காட்டிவிட்டுப் போயிருக்கிறார். 1764 அக்டோபரில் எட்வர்ட் கிப்பன் என்ற 27 வயது ஆங்கிலேயர் ரோமாபுரிக்கு வந்தார். முதல் இரவு தூக்கமில்லை. விடிந்ததும் ஃபோரத்தில் போய் நடந்தார். சில நாட்கள் போதை ஏறினவர் போல் சும்மா சுற்றினார். பிறகுதான் ஜேம்ஸ் பயர்ஸ் என்ற ஸ்காட்லாந்துக்காரரை வழிகாட்டியாக வைத்துக்கொண்டு, பதினெட்டு வாரம் களைத்துப்போகும் வரையில் கல் கல்லாகப் பார்த்தார். அதன் பிறகு, எது முக்கியமென்று தாமே தேர்ந்தெடுக்கும் தகுதி வந்துவிட்டது என்று தோன்றியபோது, கடைசியாக ஒரு முறை சுற்றி வந்தார். முதலில் தனியே, பிறகு துணையோடு, மீண்டும் தனியே. ரோம சாம்ராஜ்யத்தின் வீழ்ச்சியைப் பற்றிய மகா சரித்திரம் 1776-இலிருந்து வெளிவரத் தொடங்கியது.

பயர்ஸ் கெட்டிக்காரர், பழம்பொருள் வியாபாரமும் செய்தவர். இருந்தும் ஃபோகாஸ் ஸ்தம்பம் யாருடையது என்று அவராலும் சொல்லியிருக்க முடியாது. அப்போது ஃபோரம் மாடு மேயும் வெளி. ஸ்தம்பத்தின் அடிப்பாகம் மண்ணுக்குள் இருந்தது. 1813-இல் தோண்டிக் கல்வெட்டைப் படித்த பிறகே பெயர் தெரிந்தது. எவ்வளவு நல்ல கைடும், தோண்டிய ஆழம் வரைக்கும்தான் கைடு.

உங்களுக்குப் பதினெட்டு வாரம் கிடைக்காது; மூன்று நாள் கிடைக்கலாம். அதையே கிப்பன் மாதிரி பங்கு போட்டுக்கொள்ளுங்கள். கைடிடம் போகும்போது, தனியாகச் சுற்றிய நாளில் உங்கள் மனத்தில் எழுந்த கேள்விகளை எடுத்துக்கொண்டு போங்கள். கேள்வி கேட்கிறவர்களிடம் அவர்கள் மனப்பாடத்தை ஒப்பிப்பதில்லை.

நம்மவர்கள் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். ஃபோரத்தின் ஓரத்தில் மாக்சென்டியஸ் கட்டத் தொடங்கிய பிரம்மாண்டமான மண்டபத்தின் மூன்று வளைவுகள் நிற்கின்றன. எல்லோரும் அண்ணாந்து பார்ப்பார்கள். நீங்கள் குனிந்து, "இதற்கு முன்னால் இந்த இடத்தில் என்ன இருந்தது?" என்று கேளுங்கள். அங்கே இருந்தது டொமிஷியன் சக்கரவர்த்தி கட்டிய மிளகுக் கிடங்கு. முசிறி முதலான சேர நாட்டுத் துறைகளில் யவனர்கள் ஏற்றிச் சென்ற கறி, மூட்டை மூட்டையாக அடுக்கியிருந்த இடம். 408-இல் ரோமாபுரியை முற்றுகையிட்ட அலாரிக், விலகிப் போவதற்குக் கேட்ட தண்டத்தில் பொன், வெள்ளி, பட்டோடு 3,000 ராத்தல் மிளகும் சேர்த்தி. நம் கரையில் காய்ந்த சரக்கைக் கொடுத்துத்தான் அந்த மகா நகரம் அன்று தன் உயிரை மீட்டுக்கொண்டது.

பல கைடுகள் அந்த இடத்தை ஒரே வாக்கியத்தில் தாண்டிப் போய்விடுவார்கள். அவர்கள் மேல் குற்றமில்லை. மிளகைப் பற்றிக் கேட்பதற்கு அந்தக் கூட்டத்தில் யாரும் இருந்திருக்க மாட்டார்கள்.