விவாகரத்துக்கு மறுத்த நாயகி

1933-ல் நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும், ஜெர்மன் படவுலகில் நடிப்பு, முகராசி, வசூல் எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு கேள்வி வந்து நின்றது: நீ யூதரா? உன் வீட்டில் யாராவது யூதரா? அந்தக் கேள்வியில் சிக்கியவர்களில் ஹென்னி போர்ட்டனும் ஒருவர். அப்போது அவருக்கு 43 வயது. அதில் 27 ஆண்டுகள் கேமரா முன்னால் கழிந்திருந்தன.

1890-ல் மாக்டபுர்க் நகரில் பிறந்தவர் ஹென்னி. அப்பா ஃப்ரான்ஸ் போர்ட்டன் ஓபரா பாடகர். 1906-ல் ஆஸ்கர் மெஸ்டர் என்ற தயாரிப்பாளரின் குறும்படங்கள் வழியாக மகள் திரைக்கு வந்தார். கிராமபோன் தட்டில் யாரோ பாட, திரையில் ஹென்னி வாயசைப்பார். பேசும்படம் வருவதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்பே நடந்த வேலை இது!

1911-ல் வெளியான ஒரு படத்தில் பார்வையற்ற பெண்ணாக நடித்தார். கதை எழுதியவர் அக்கா ரோசா. அந்தப் படம்தான் ஹென்னியை மக்களிடம் கொண்டுபோய்ச் சேர்த்தது. பொன்னிறக் கூந்தல், உருண்டை முகம், எதையும் தாங்கிக்கொள்ளும் மனைவி, கண்ணீர் விடும் தாய் என்று ஜெர்மனி தன் முதல் நட்சத்திரத்தைக் கண்டுகொண்டது. அவரது பல படங்களை இயக்கிய முதல் கணவர் கர்ட் ஷ்டார்க், 1916-ல் போர்முனையில் இறந்துபோனார்.

அழுகைப் பாத்திரத்தோடு அவர் நின்றுவிடவில்லை. 1920-ல் இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிட்ச் அவருக்கு எதிரெதிரான வேடங்களைக் கொடுத்தார். 'அன்னா போலின்' படத்தில் தலை வெட்டப்படும் இங்கிலாந்து ராணி. 'கோல்ஹீசலின் மகள்கள்' படத்திலோ, சாதுவான தங்கையும் சண்டைக்கார அக்காவும் அவரேதான். இரண்டு படங்களிலும் ஜோடி எமில் யானிங்ஸ். 1924-ல் இயக்குநர் கார்ல் ஃப்ரோலிஷுடன் கூட்டுச் சேர்ந்து சொந்தப் பட நிறுவனமும் தொடங்கினார்.

இதற்கிடையே 1921-ல் மருத்துவர் வில்ஹெல்ம் ஃபான் கவுஃப்மானை மணந்திருந்தார். அவர் யூதர். பன்னிரண்டு ஆண்டுகள் யாரும் பொருட்படுத்தாத அந்த விஷயம், 1933-ல் குற்றமாகிவிட்டது. கணவரை விட்டுவிட்டால் போதும், பழைய சிம்மாசனம் காத்திருந்தது. ஹென்னி மறுத்தார். வாய்ப்புகள் வற்றின. ஒரு காலத்தில் ஆண்டுக்குப் பல படங்களில் நாயகியாக நடித்தவருக்கு, எப்போதாவது ஒரு வேடம் கிடைத்தாலே பெரிது என்றானது. ஹாலிவுட்டில் இருந்த லூபிட்சிடம் போய்விடலாம் என்று பார்த்தால், நாட்டை விட்டுப் போகவும் அனுமதி கிடைக்கவில்லை. இவ்வளவு பெரிய நட்சத்திரம் வெளியேறினால் உலகம் என்ன நினைக்கும் என்ற கவலை நாஜி அரசுக்கு.

கணவனுக்காக எதையும் தாங்கும் பொன்னிற ஜெர்மானியப் பெண். நாஜிகள் மேடைதோறும் போற்றிய உருவம் இதுதான். ஹென்னி திரையில் அதைத்தான் நடித்தார், வீட்டிலும் அப்படியே வாழ்ந்தார். அந்த விசுவாசம் யூதக் கணவர் மீது இருந்ததுதான் அவர்களுக்குப் பொறுக்கவில்லை.

கூட இருந்தவர்கள் வேறு பாதையில் போனார்கள். யானிங்ஸ் நாஜி அரசின் செல்ல நடிகரானார். ஃப்ரோலிஷ் 1933-லேயே கட்சியில் சேர்ந்து, 1939-ல் அரசுத் திரைப்பட மன்றத்தின் தலைவரானார். 'கோல்ஹீசலின் மகள்கள்' கதையை 1930-ல் பேசும்படமாக எடுத்து, ஹென்னியை மறுபடி இரட்டை வேடத்தில் நடிக்கவைத்த ஹன்ஸ் பேரென்ட் யூதர். ஆஷ்விட்ஸ் முகாமில் உயிரிழந்தார்.

ஹென்னிக்குக் கைகொடுத்தவர் ஆல்பர்ட் கோரிங். ஹிட்லரின் வலக்கையான ஹெர்மன் கோரிங்கின் சொந்தத் தம்பி! அண்ணனின் ஆட்சியை வெறுத்த அவர், தமக்குப் படவுலகில் இருந்த தொடர்பை வைத்து ஹென்னிக்கு ஒப்பந்தம் வாங்கித் தந்தார். போர் முடிந்தபோது கணவன் மனைவி இருவருமே உயிரோடு இருந்தார்கள்.

ஹென்னியைப் போலவே யூத மனைவியைக் கைவிட மறுத்த இன்னொரு நட்சத்திரம் யோவாகிம் காட்ஷால்க். அவருக்குக் கைகொடுக்க ஓர் ஆல்பர்ட் இல்லை. 1941 நவம்பரில் அந்தக் குடும்பத்துக்கு நேர்ந்ததை அடுத்த வாரம் பார்ப்போம்.

(தொடரும்)