கல்லில் நின்ற கணம்

ஓசூரில் எனக்கு ஒரு சிநேகிதர் இருக்கிறார். பகலெல்லாம் தொழிற்சாலையில் யந்திரங்களோடு பழகுகிறவர். இரவில் விஞ்ஞானக் கதைகள் படிக்கிறவர். ஒரு நாள் அவர் என்னிடம், "ஸார், ஒருவன் அனுபவிப்பதை அப்படியே பதிவு செய்து இன்னொருவன் மண்டைக்குள் ஏற்றிவிடும் கருவி ஒன்று வந்துவிட்டால், உங்கள் நாவலை யார் படிக்கப் போகிறார்கள்?" என்று கேட்டார்.

சிரித்து மழுப்பினேன். ஆனாலும் வயிற்றுப் பிழைப்பைத் தொட்ட கேள்வி அல்லவா? இரவு தூக்கம் வரவில்லை.

இந்தக் கருவியைக் கதாசிரியர்கள் வெகு காலமாகவே கனவு கண்டு வந்திருக்கிறார்கள். 1932இல் ஆல்டஸ் ஹக்ஸ்லி தம் நாவலில் ஒரு விசித்திரமான படக்கொட்டகையைக் காட்டினார். நாற்காலிக் கையில் உள்ள உலோகக் குமிழைப் பிடித்துக்கொண்டால், திரையில் இருப்பவர் உணர்வதை நாமும் உணரலாம். 1983இல் வந்த 'பிரெய்ன்ஸ்டார்ம்' என்ற அமெரிக்கப் படம் இன்னும் ஒரு படி மேலே போயிற்று. அதில் இத்தகைய கருவியை உருவாக்கிய விஞ்ஞானப் பெண்மணி, மாரடைப்பு வந்து சாகும் தறுவாயில் கருவியைத் தலையில் மாட்டிக்கொண்டு தம் மரணத்தையே பதிவு செய்துவிடுகிறார். அந்தப் படத்தில் நடித்த நாடலி வுட், படம் முடியுமுன்பே 1981இல் கடலில் மூழ்கி இறந்துபோனார். அவருடைய கடைசி நிமிஷங்களை எந்தக் கருவியும் பதிவு செய்யவில்லை.

நிஜ வாழ்க்கையில் இந்த ஆசையைத் துரத்தியவர் ஜெர்மானிய வைத்தியர் ஹான்ஸ் பெர்கர். இளமையில் ராணுவப் பயிற்சியின்போது குதிரையிலிருந்து விழுந்து, பீரங்கி வண்டியின் சக்கரத்தில் நசுங்காமல் மயிரிழையில் தப்பினார். அன்றே வீட்டிலிருந்து தந்தி வந்தது. தம்பிக்கு ஏதோ ஆபத்து என்று தூரத்தில் இருந்த தமக்கைக்கு மனசில் பட்டதாம். ஒரு மனசின் நடுக்கம் மற்றொரு மனசுக்கு எப்படிப் போயிற்று? அதைத் தேடியே அவர் மூளையின் மின்சாரத்தை அளக்க முற்பட்டார். 1924இல் மனித மூளையின் அலைகளை முதன்முதலாகப் பதிவு செய்தார், 1929இல் வெளியிட்டார். இன்றும் ஆஸ்பத்திரிகளில் அந்த முறை உதவுகிறது. காகிதத்தில் கோடுகள் ஏறி இறங்குகின்றன. ஆனால் தமக்கையின் தவிப்பு அந்தக் கோட்டில் இல்லை.

மறுநாள் சிநேகிதரிடம், "உங்கள் கருவி இந்தச் சீமையில் ஆயிரம் வருஷங்களுக்கு முன்பே இருந்தது, வாருங்கள், காட்டுகிறேன்" என்றேன். கிருஷ்ணகிரிக்குப் பஸ் ஏறினோம்.

2004இல் தருமபுரியிலிருந்து பிரிந்த கிருஷ்ணகிரி மாவட்டம் நடுகற்களின் நாடு. கங்கர், நுளம்பர், சோழர், ஹொய்சளர் என்று பலரும் மோதிக்கொண்ட எல்லை இது. மாடு என்றால் செல்வம். மாட்டைக் கவர வந்தவனோடும், மீட்கப் போனவனோடும், புலியோடும் சண்டையிட்டுச் செத்தவர்களுக்குக் கல் நட்டார்கள். கல்லைத் தேர்வது முதல் வாழ்த்துவது வரை ஆறு கட்டங்களைத் தொல்காப்பியமே வகுத்திருக்கிறது. தேனி மாவட்டத்துப் புலிமான்கோம்பையில் 2006இல் கண்டெடுத்த கற்களில் தமிழ்ப் பிராமி எழுத்து இருப்பதால், வழக்கத்தின் பழமை விளங்கும். எல்லைக்கு அப்பால், ஓசூர் ரஸ்தாவை ஒட்டிய பேகூரில், கி.பி. 890ஐ ஒட்டிய கல்வெட்டு ஒன்று பெங்களூர்ச் சண்டையில் ஒருவன் இறந்ததைச் சொல்கிறது. அந்த மாநகரத்தின் பெயர் கல்லில் ஏறியதே ஒரு சாவுச் செய்தியாகத்தான்!

இவற்றுள் என்னை உருக்கிய கல், திருவண்ணாமலை மாவட்டத்து எடுத்தனூரில் உள்ளது. முதலாம் மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டு. சண்டையில் விழுந்த கருந்தேவக்கத்தி வில்லோடு நிற்கிறான். அருகே ஒரு நாய். அதன் பெயர் கோவிவன். இரண்டு கள்ளர்களைக் கடித்துக் காவல் நின்றது என்று எழுத்து சொல்கிறது. குகைக் கோயில்கள் குடைந்து, நாடகமும் எழுதிய மன்னனின் பெயர் இருக்கும் அதே கல்லில் ஒரு நாயின் பெயரும் இருக்கிறது.

கிருஷ்ணகிரி அருங்காட்சியகத்துக் கற்களைச் சிநேகிதர் வெகு நேரம் பார்த்தார். "இதில் வலி எங்கே ஸார்? செத்தவன் கடைசியில் என்ன நினைத்தான் என்பதே இல்லையே?" என்றார்.

அங்கேதான் எனக்கும் விடை கிடைத்தது. செத்தவன் தன் கல்லைத் தானே செதுக்கிக்கொள்ள முடியாது. பறிகொடுத்தவர்கள் செதுக்கி வைத்தார்கள். ஆகையால் கல்லில் பதிந்திருப்பது அவன் அனுபவம் அல்ல. அவனை இழந்தவர்களின் அனுபவம். எஜமானன் விழுந்த பிறகும் நகராமல் நின்ற நாயை யாரோ ஒருவர் கண்ணீரோடு பார்த்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் கோவிவன் என்ற பெயர் நமக்கு எப்படி வந்திருக்கும்?

திரும்பும் வழியில் ஒரு கிராமத்துப் புளியமரத்தடியில் இன்னொரு கல். எண்ணெய் ஏறி உருவமே மங்கிவிட்டது. ஒரு பாட்டி விளக்கேற்றிக்கொண்டிருந்தாள்.

"யார் பாட்டி இவர்?" என்று கேட்டேன்.

"வேடியப்பன் சாமி. மாடு கன்னுகளைக் காக்கிறவரு."

கல்லில் எழுத்து இருந்தாலும் அவளுக்குப் படிக்கத் தெரியாது. வீரனின் பெயர் போயிற்று. அவன் காலத்து அரசனின் பெயரும் போயிற்று. ஆனால் அவன் எதற்காகச் செத்தானோ அது மட்டும், கைமாறிக் கைமாறி, அவளிடம் பத்திரமாக வந்து சேர்ந்திருக்கிறது.

இப்படிப்பட்ட கற்கள் எத்தனையோ துணி துவைக்கும் கல்லாகவும் வாய்க்கால் பாலமாகவும் போய்விட்டன. வயல்கள் மனைகளாகும் இந்த நாளில் இன்னும் எத்தனை போகுமோ? யந்திரத்தால் பதிவு செய்ததைக் காக்க யந்திரம் வேண்டும். கல்லைக் காக்க ஒரு பாட்டி போதும்; ஆனால் அந்த ஒரு பாட்டி வேண்டும்.

சிநேகிதர் செருப்பைக் கழற்றிவிட்டுப் போய், தட்டில் பத்து ரூபாய் வைத்தார். அதற்குப் பிறகு அந்தக் கருவியைப் பற்றி அவர் பேசவில்லை. ஊருக்குத் திரும்பியதும் பாதியில் நிறுத்தியிருந்த நாவலை நானும் எடுத்துக்கொண்டேன்.