கூலி வாங்காத பின்காவலர்



காஞ்சிபுரத்துப் பிள்ளையார்பாளையத்தில் வாழ்கின்ற எங்களுக்கு எந்தத் தொழிலைப் பற்றிக் கேள்வியுற்றாலும் முதலில் எழும் வினா ஒன்றுதான்: கூலி என்ன? இதிலே பேராசை ஏதுமில்லை. ஒரு பட்டுப் புடவையை நெய்து முடித்துத் தறியிலிருந்து அறுத்தெடுக்கப் பல நாட்கள் ஆகும். அத்தனை நாளும் வீட்டில் அடுப்பு எரிவது அந்தக் கூலியை நம்பித்தான். ஆகவே ஒருவருடைய திறமையைப் பற்றிச் சொன்னால், அத்திறமைக்கு உலகம் என்ன கொடுத்தது என்று கேட்பது எங்கள் பகுதியின் வழக்கம்.

அண்மையில் பக்கத்து வீட்டுப் பெரியவர் ஒருவரிடம் சைலன் மன்னா என்னும் கால்பந்து வீரரைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். குழித்தறியில் அமர்ந்து, கை நிற்காமல் நெய்தபடியே கேட்டு வந்தவர், "அது சரி தம்பி, அவருக்கு என்ன கொடுத்தார்கள்?" என்றார். ஒரு வரியில் விடை சொல்லலாம் என்று தொடங்கினேன், முடியவில்லை. அந்த விடையையே இன்று உங்கள் முன் வைக்கிறேன்.

சைலன் மன்னா 1924-ஆம் ஆண்டு செப்டம்பர் முதல் நாள் வங்காளத்து ஹௌராவில் பிறந்தவர். ஹௌரா யூனியன் என்னும் கழகத்தில் ஆடத் தொடங்கி, 1942-இல் கல்கத்தாவின் மோகன் பகான் கழகத்திற்கு வந்தார். 1960 வரை அந்தக் கழகத்தைத் தவிர வேறொன்றுக்கும் அவர் ஆடவில்லை. ஆட்டக்காரர்கள் ஆண்டுதோறும் கட்சி மாறுவதைத் திருவிழாவாகவே கொண்டாடிய நகரம் கல்கத்தா. அங்கே ஒருவர் பத்தொன்பது பருவங்கள் ஒரே சட்டையை அணிந்தார் என்பது சிறு செய்தி அன்று.

அவர் நின்ற இடம் பின்காவல். இந்த இடத்தின் இயல்பைச் சற்று விளக்க வேண்டும். கோல் அடிப்பவனுடைய பெயர் மறுநாள் ஏட்டில் வரும். கோல் விழாமல் தடுத்தவனுக்கு ஆட்டக் கணக்கில் இடமே கிடையாது. எங்கள் கோர்வைப் புடவையை அறிந்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும். புடவையின் உடலையும் கரையையும் தனித்தனி நாடாவால் நெய்து, இழைக்கு இழை பூட்டிக்கொண்டே வருவது கோர்வை. ஒருவர் நெய்ய, மற்றொருவர் பக்கத்தில் அமர்ந்து கரைக்கு நாடா எறிய வேண்டும். பூட்டு ஒழுங்காக விழுந்துவிட்டால் வாங்குகிறவர் கண் கரையின் நிறத்துக்கும் முந்தியின் சரிகைக்கும் போய்விடும். பூட்டு பிசகினால் மாத்திரமே அப்படியொன்று இருப்பது தெரியவரும். பின்காவலருடைய புகழும் அத்தகையதே.

அதிலும் மன்னாவின் காலத்துப் பின்காவல் கடினமானது. 1925-இல் ஆஃப்சைடு விதி மாற்றப்பட்டது. தாக்க வருபவனுக்கும் கோல் கோட்டுக்கும் இடையே எதிரணியினர் மூவர் இருக்கவேண்டும் என்றிருந்தது, இருவர் இருந்தால் போதும் என்று ஆயிற்று. தாக்குவோர் கை ஓங்கவே, இங்கிலாந்தில் நடு இடைக்காவலரைப் பின்னுக்கு இழுத்து மூன்று பின்காவலராக்கிக்கொண்டார்கள். நம் நாட்டிலோ நெடுங்காலம் பழைய முறைப்படி இருவரே பின்னால் நின்றனர். ஐந்து பேர் பாய்ந்து வரும்போது இரண்டு பேர் எதிர்கொள்ள வேண்டும். மன்னா அவ்விருவரில் ஒருவர். போதாக்குறைக்கு, காலில் பூட்ஸ் இல்லை.

வெறுங்கால் ஆட்டம் வறுமையால் வந்தது என்று மட்டும் சொல்லிவிட முடியாது. 1911-ஆம் ஆண்டு ஜூலை 29 அன்று மோகன் பகான் கழகம் ஈஸ்ட் யார்க்ஷயர் படைப்பிரிவை இரண்டுக்கு ஒன்று என்று வென்று ஐ.எஃப்.ஏ. கேடயத்தைப் பெற்றபோது, பதினொருவரில் பத்துப்பேர் வெறுங்காலினர். பூட்ஸ் அணிந்த வெள்ளையரை வெறுங்கால் வென்றது என்னும் பெருமை, பின்னர் வந்த தலைமுறைக்கு ஒரு விரதம் போலவே ஆகிவிட்டது. குழித்தறியின் மிதியைச் செருப்புக் காலோடு மிதிக்க முடியுமா? இழையின் இழுப்பைப் பாதம் உணர வேண்டும். பந்தைப் பாதத்தால் உணர்கிறோம் என்று அவ்வீரர்கள் சொன்னது அதைப் போன்றதுதான். ஆனால் தறி வீட்டுக்குள் இருக்கிறது. பந்தாட்டத் திடலோ மழையிலும் குளிரிலும் கிடக்கிறது. அதன் விலையைப் பின்னர்க் கொடுத்தோம்.

இங்கே நேயர்களைச் சிறிது நேரம் இங்கிலாந்துக்கு அழைத்துப்போக விரும்புகிறேன். கூலிக் கேள்விக்குப் பாதி விடை அங்கேதான் இருக்கிறது.

மன்னா பிறந்த அதே 1924-இல், ஏழு மாதங்களுக்கு முன்னர், பில்லி ரைட் பிறந்தார். பதினான்கு வயதில் உல்வர்ஹாம்ப்டன் வாண்டரர்ஸ் கழகத்தில் திடல் வேலை செய்யும் பையனாகச் சேர்ந்தார். உருவம் சிறியது என்று அவரை வீட்டுக்கு அனுப்பிவிடவும் ஒரு சமயம் நினைத்தார்கள். அந்தப் பையன் 1959-இல் ஓய்வு பெற்றபோது இங்கிலாந்துக்காக 105 ஆட்டங்கள் ஆடியிருந்தார். அவற்றில் 90-இல் அவரே தலைவர். உலகில் தன் நாட்டுக்காக நூறு ஆட்டங்களை முதலில் கடந்தவர் அவர். முதலில் இடைக்காவலராக ஆடி, 1954-க்குப் பின் நடுப் பின்காவலராக நிலைத்தார். அவரும் ஒரே கழகத்துக்காகவே ஆடினார். அத்தனை ஆட்டங்களிலும் ஒரு முறையேனும் நடுவரால் வெளியேற்றப்பட்டவர் அல்லர்.

அவர் தொழில்முறை ஆட்டக்காரர். வாரக் கூலி பெற்றவர். ஆனால் எவ்வளவு? இங்கிலாந்தில் ஆட்டக்காரர் எவருக்கும் இதற்குமேல் கொடுக்கக்கூடாது என்று ஓர் உச்சவரம்பு இருந்தது. 1947-இல் அது வாரத்துக்குப் 12 பவுன். 1958-இல் 20 பவுன். ஆட்டமில்லாத கோடையில் அதனினும் குறைவு. பல்லாயிரம் பேர் சீட்டு வாங்கிப் பார்க்க வந்தது அவருடைய ஆட்டத்தைத்தான். ஆனால் அந்தச் சீட்டுப் பணத்தின் பெருக்கம் அவர் கூலியைத் தொடவில்லை. மற்றொன்றும் உண்டு. ஒப்பந்தக் காலம் முடிந்த பிறகும் கழகம் விடுவித்தாலன்றி ஆட்டக்காரர் வேறு கழகத்துக்குப் போக இயலாது. இதைச் சொன்னபோதுதான் பெரியவர் நாடாவை நிறுத்தினார். முன்பணம் வாங்கிக்கொண்டு, அது தீருமட்டும் வேறு முதலாளியிடம் பாவு வாங்க முடியாமல் கிடந்த தறிக்காரர்களை அவர் கண்டிருக்கிறார். "சீமையிலுமா?" என்றார். சீமையிலும்தான். ஆட்டக்காரர் சங்கம் வேலைநிறுத்தம் செய்வோம் என்று எழுந்து நின்ற பிறகே, 1961 ஜனவரியில் அந்த உச்சவரம்பு நீங்கியது. ரைட் அதற்கு இரண்டு ஆண்டு முன்பே ஓய்வு பெற்றுவிட்டார்.

இனி மன்னாவின் கூலி. மோகன் பகான் கழகத்திடமிருந்து அவர் ஊதியம் பெறவில்லை. பத்தொன்பது ஆண்டுகளிலும் சேர்த்து வண்டிச் செலவுக்கென்று பத்தொன்பது ரூபாய் மாத்திரம் வாங்கினார் என்று சொல்வார்கள். எண்கள் இவ்வளவு அழகாகப் பொருந்தும்போது எனக்குச் சிறிது ஐயம் எழுவதுண்டு. ஆயினும் அவர் கழகத்துப் பணத்தை நாடவில்லை என்பதில் ஐயமில்லை. அவருக்குச் சோறிட்டது இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையின் வேலை.

இதனைப் பெருந்தியாகம் என்று மேடைகளில் பேசக் கேட்டிருக்கிறேன். அது தியாகந்தான், ஆனால் மாதச் சம்பளம் ஒன்று வந்துகொண்டிருந்தமையால் இயன்ற தியாகம் என்பதையும் மறைக்கலாகாது. அக்காலத்து இந்திய ஆட்டக்காரர் பலருக்கும் வாழ்வளித்தவை அரசு அலுவலகங்களும் இரயில்வேயும் போலீசுமே. 1950 முதல் 1954 வரை ஐந்தாண்டும் தொடர்ந்து பம்பாயில் ரோவர்ஸ் கோப்பையை வென்ற அணியின் பெயரே ஹைதராபாத் நகரப் போலீஸ். ஊதியமின்றி ஆடுவது உயர்ந்தது, ஊதியத்திற்கு ஆடுவது தாழ்ந்தது என்று அந்நாளில் ஒரு கொள்கை பரவியிருந்தது. நில வருவாய் உள்ள இங்கிலாந்துக் கனவான்கள் வகுத்த கொள்கை அது. கைத்தொழில் செய்து உண்பவர்கள் வாழும் எங்கள் தெருவில் அது எடுபடாது, எடுபடவும் வேண்டாம். மன்னாவை நான் மதிப்பது அந்தக் கொள்கைக்காக அன்று. கழகம் அவரைக் கட்டிப்போடவில்லை. முன்பணம் இல்லை, முறி இல்லை. விரும்பியிருந்தால் எந்த ஆண்டும் போயிருக்கலாம். போகவில்லை. கட்டுண்டு நின்றவருக்கும் கட்டின்றி நின்றவருக்கும் உள்ள வேறுபாட்டைப் பெரியவர் உடனே கண்டுகொண்டார்.

அவருடைய வாழ்வின் உச்சி 1951 மார்ச்சு. புதுதில்லியில் முதலாவது ஆசிய விளையாட்டு விழா. மன்னா தலைவர், ஹைதராபாத்து ரஹீம் பயிற்சியாளர். இந்தோனேசியாவை மூன்றுக்குப் பூச்சியம், ஆப்கானிஸ்தானை மூன்றுக்குப் பூச்சியம், இறுதியில் ஈரானை ஒன்றுக்குப் பூச்சியம். ஈரானுக்கு எதிரான அந்த ஒரே கோலை அடித்தவர் மேவாலால். அவர் பெயரை எல்லோரும் சொல்வார்கள். எதிரே இருந்த மூன்று பூச்சியங்களை யார் சொல்கிறார்கள்? விழா முழுவதும் இந்தியாவின் வலைக்குள் ஒரு பந்துகூட விழவில்லை. ஒரு பின்காவலர் தலைமையேற்ற அணிக்கு இதனினும் பொருத்தமான பதக்கம் வேண்டுவதில்லை.

அதற்கு முந்திய ஆண்டு, 1950-இல், பிரேசில் உலகக் கோப்பைக்கு இந்தியா தகுதி பெற்றும் போகவில்லை. வெறுங்காலுடன் ஆட அனுமதி மறுத்ததால் போகவில்லை என்று ஒரு கதை இன்றும் உலவுகிறது. மன்னாவே பிற்காலத்தில் அதை மறுத்தார். ஒலிம்பிக்கைப் பெரிதாகவும் உலகக் கோப்பையைச் சிறிதாகவும் நம் சங்கத்தார் எண்ணியதே காரணம் என்றார். நம் அணி போயிருந்தால் இத்தாலி, சுவீடன், பராகுவே ஆகியவற்றோடு ஆடியிருக்கும். போன பில்லி ரைட்டின் இங்கிலாந்து, அமெரிக்காவிடம் ஒன்றுக்குப் பூச்சியம் என்று தோற்று உலகம் நகைக்கத் திரும்பியது.

1952-இல் ஹெல்சிங்கி. மன்னா மீண்டும் தலைவர். குளிர்ந்த வடநாட்டுத் திடலில் பெரும்பாலோர் வெறுங்காலுடன் யூகோஸ்லாவியாவை எதிர்த்தனர். பத்துக்கு ஒன்று என்று தோற்றோம். நமது ஒரு கோலை அகமது கான் அடித்தார். ஊர் திரும்பிய பின்னரே பூட்ஸ் கட்டாயம் என்று சங்கம் விதித்தது. அந்தத் தோல்வியை எள்ளுவோர் மற்றொரு கணக்கையும் பார்க்க வேண்டும். அதே யூகோஸ்லாவியாவை அவ்வொலிம்பிக் இறுதியில் ஹங்கேரி வென்றது. அதே ஹங்கேரி 1953 நவம்பர் 25 அன்று இலண்டன் வெம்பிளியில் இங்கிலாந்தை ஆறுக்கு மூன்று என்று வென்றது. அன்று புஷ்காஷ் பந்தைக் காலடியால் பின்னுக்கு இழுக்க, தடுக்கப் பாய்ந்த பில்லி ரைட் வெறும் வெளியில் சறுக்கிப்போனார். 105 ஆட்டங்களில் அவர் தடுத்தவை எத்தனையோ. படச்சுருளில் மீண்டும் மீண்டும் காட்டப்படுவது அந்த ஒரு சறுக்கல்.

மன்னாவுக்கும் அப்படியொன்று உண்டு. அதைக் கடைசியில் சொல்லலாமென்று வைத்திருந்தேன். 1948 ஜூலை 31. இலண்டனுக்கு அருகே இல்ஃபோர்டு. சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கால்பந்தாட்டம், எதிரே பிரான்ஸ். அணித் தலைவர் நாகநாட்டு மருத்துவர் தாலிமெரன் ஆவ். முதலில் பிரான்ஸ் ஒரு கோல் அடிக்க, எழுபதாவது நிமிடத்தில் பெங்களூர் வீரர் சாரங்கபாணி ராமன் அதைச் சமன் செய்தார். கும்பகோணத்துப் பெருமாளின் பெயர் தாங்கியவர் கையால் அன்று, காலால், சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கோல் விழுந்தது! அந்த ஆட்டத்தில் இந்தியாவுக்கு இரண்டு பெனால்டி உதைகள் கிடைத்தன. ஒன்றை மகாவீர் பிரசாத் தவறவிட்டார். மற்றொன்றைத் தவறவிட்டவர் மன்னா. அடித்தால் இடிபோல் விழும் என்று பெயர் பெற்ற உதை அவருடையது, அன்று பொய்த்தது. முடிவதற்கு ஒரு நிமிடம் இருக்கையில் பிரான்ஸ் இரண்டாவது கோலை அடித்தது.

மன்னாவுக்கு 1971-இல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது; 2012 பிப்ரவரி 27 அன்று தம் 87-ஆம் வயதில் அவர் மறைந்தார். பில்லி ரைட் 1994-இலேயே மறைந்துவிட்டார். இருவரும் எதிரெதிரே நின்று ஆடியதில்லை. அக்காலத்து ஒலிம்பிக்கில் கூலி பெறுபவருக்கு இடமில்லை ஆகையால் ரைட் அங்கு வர இயலாது.

பெரியவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுக் கூலியைப் பற்றி மேலும் ஒன்றும் பேசவில்லை. "அந்த உதை உள்ளே போயிருந்தால் அடுத்து யாரோடு ஆடியிருப்பார்கள்?" என்றார்.

வீட்டுக்கு வந்து தேடிப் பார்த்தேன். பிரான்ஸ் அடுத்து ஆடியது, 1948 ஆகஸ்டு 5 அன்று, இலண்டனிலேயே. மான்செஸ்டர் யுனைட்டெட் கழகத்து மாட் பஸ்பி பயிற்றிய அணி எதிரே நின்றது. பிரான்ஸ் ஒன்றுக்குப் பூச்சியம் என்று தோற்றது. அந்த அணி பிரிட்டன். நம் முதல் சுதந்திர தின ஆண்டு நிறைவுக்கு அப்போது பத்து நாட்கள் இருந்தன.