பினாங்கு மிளகும் மோல் கணக்கும்

1786-இல் பிரான்சிஸ் லைட் பினாங்கில் குடியேற்றம் அமைத்த பின்னர் இத்தீவில் மிளகுப் பயிர் பெருகிற்று. மிளகை மணி மணியாக எண்ணி விற்றவர் எவருமிலர். கட்டி, பிக்குல் என நிறுத்தே விற்றனர். 100 கட்டி ஒரு பிக்குல், ஏறத்தாழ 60.5 கிலோகிராம்.

ஒரு மணியின் சராசரி எடை தெரிந்தால், மொத்த எடையை அதனால் வகுத்து எண்ணிக்கையை அறியலாம். வேதியியலில் மோல் பயன்படுவதும் இவ்வாறே. 18 கிராம் நீர் ஏறத்தாழ ஒரு மோல். அதிலுள்ள மூலக்கூறுகளை எவராலும் எண்ணவியலாது, நிறுத்தே அறிகிறோம். 2019 மே 20 முதல் ஒரு மோல் என்பது 6.02214076 × 10²³ துகள்கள் என வரையறுக்கப்பட்டுள்ளது.

நான்காம் படிவத்தில் பிறமொழியில் மோலைக் கற்கவிருக்கும் நம் பிள்ளைகள் அவ்வெண்ணை வெறுமனே மனனம் செய்தல் ஆகாது. பெற்றோரே, இன்றே 100 மிளகை எண்ணி நிறுக்கச் சொல்லுங்கள். பின்னர் ஒரு பிடி மிளகை எண்ணாமலே கணக்கிடச் சொல்லுங்கள். கருத்து தாய்மொழியில் வேரூன்றட்டும்.