மழை என்றொரு மறைமொழி

1984ஆம் ஆண்டில் எங்கள் வீட்டில் 'மழை' என்ற சொல்லுக்கு இரண்டு பொருள்கள் இருந்தன. நாங்கள் கண்டியில் இருந்தோம். அண்ணா யாழ்ப்பாணத்தில் ஆசிரியராக இருந்தார். முந்திய ஆண்டின் ஆடிக் கலவரம் கண்டிக் கடைத்தெருவையும் விட்டுவைக்கவில்லை. கடிதங்கள் வழியில் பிரிக்கப்படலாம் என்ற அச்சம் எல்லார் மனத்திலும் இருந்தது. ஆகவே அம்மாவும் அண்ணாவும் தமக்குள் ஓர் உடன்பாடு செய்துகொண்டார்கள். 'மழை' என்று எழுதினால் ஊரில் குழப்பம். 'மல்லி காய்ந்துவிட்டது' என்று எழுதினால் எல்லோரும் நலம். அந்த உடன்பாடு என்னவாயிற்று என்பதைக் கடைசியில் சொல்கிறேன், நேயர்களே. அதற்கு முன் செய்தியை மறைக்கும் வித்தையின் கதையைக் கொஞ்சம் பார்ப்போம்.

அம்மா இலக்கணம் படித்தவர் அல்லர். ஆனால் அவர் செய்ததற்கு நன்னூலில் பெயர் இருக்கிறது. குழூஉக்குறி என்பது அது. பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பர், யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்பர், வேடர் கள்ளைச் 'சொல்விளம்பி' என்பர் என்று உரைகாரர்கள் உதாரணம் காட்டுவார்கள். ஒரு கூட்டத்தார் தமக்குள் ஒத்துக்கொண்ட சொல் அது. கேட்பவன் காதில் சொல் விழும், பொருள் விழாது.

இன்னொரு வகை உண்டு. அங்கே மாறுவது சொல் அல்ல, எழுத்து. ரோமாபுரியின் யூலியஸ் சீசர் ஒவ்வோர் எழுத்துக்கும் பதிலாக மூன்று எழுத்துத் தள்ளி வருவதை எழுதினான். தமிழில் இதைச் செய்து பார்க்கலாம். ஒவ்வொரு மெய்க்கும் அடுத்த மெய்யை எழுதுங்கள். உயிரைத் தொடவேண்டாம். 'கண்டி' என்பது 'ஙத்ணி' ஆகிவிடும். 'வந்தான்' என்பது 'ழப்நாக்' ஆகிவிடும். கடைசி மெய்யான 'ன்' சுற்றிவந்து 'க்' ஆகிறது. முதற்பார்வையில் எந்தக் கொம்பனுக்கும் விளங்காது.

ஆனால் இலக்கணம் படித்தவனுக்கு விளங்கிவிடும். எந்த எழுத்து சொல்லின் முதலில் வரும், எது இறுதியில் வரும், எதன் பின் எது நிற்கும் என்று தொல்காப்பியர் வகுத்து வைத்திருக்கிறார். 'ழ' என்று தொடங்கும் தமிழ்ச் சொல் இல்லை. 'க்' என்று முடியும் தமிழ்ச் சொல்லும் இல்லை. ஆகவே 'ழப்நாக்' தன் வேடத்தைத் தானே கலைத்துவிடுகிறது. மேலும் 'ந்' வந்தால் அதன் பின்னே பெரும்பாலும் அதன் இனமான 'த' வந்து நிற்கும். 'ண்' வந்தால் 'ட', 'ம்' வந்தால் 'ப'. ஓலை முழுவதும் 'ப்' என்ற எழுத்தை 'ந' விடாமல் தொடர்ந்துகொண்டிருந்தால், மறைந்திருப்பது 'ந்த' என்று ஊகிக்க அதிக நேரம் ஆகாது. ஒரு பூட்டுத் திறந்தால் மற்றவை தாமே திறக்கும். ஒன்பதாம் நூற்றாண்டில் பக்தாதில் வாழ்ந்த அல்கிந்தி என்ற அறிஞர், எந்த எழுத்து எத்தனை முறை வருகிறது என்று எண்ணியே மறைகளை உடைக்கலாம் என்று எழுதி வைத்தார். நம் புலவர்கள் எண்ணிக்கைக்குப் போகவில்லை. எழுத்துகளின் நட்பையும் பகையையும் சொல்லிச் சென்றார்கள். மொழியைக் காக்க எழுதிய இலக்கணம் மறையை உடைக்கவும் உதவுகிறது!

இனி நம் கண்டிக்கு வருவோம். இங்கே எழுத்தே இல்லாத மறைகுறி ஒன்று வழங்கியது. 1660ஆம் ஆண்டில் கொட்டியாரத்தில் பிடிபட்டு, இரண்டாம் இராஜசிங்கனின் ஆட்சியில் ஏறத்தாழ 20 ஆண்டுகள் கைதியாக இருந்த ரொபர்ட் நொக்ஸ் அதை எழுதியிருக்கிறார். மலைக் கணவாய்களில் முள்வாயில்கள் இருந்தன. கடந்துபோக வேண்டுமானால் களிமண்ணில் பதித்த முத்திரை வேண்டும். போர்வீரனுக்கு ஈட்டி தாங்கிய மனிதனின் உருவம். தொழிலாளிக்குக் காவடித் தண்டின் இரு முனையிலும் பை தொங்கச் சுமப்பவன் உருவம். வெள்ளைக்காரனுக்கு இடையில் வாளும் தலையில் தொப்பியும் கொண்டவன் உருவம். எழுத வாசிக்கத் தெரியாத காவலனும் பிழைவிட முடியாது.

ஆனாலும் நொக்ஸ் தப்பினார். தொப்பி பின்னி விற்று, ஊர் ஊராகப் பொருள் சுமந்து திரிந்து, 'இவன் வெறும் வியாபாரி' என்ற எண்ணத்தை ஊராரிடம் வளர்த்துக்கொண்டார். 1679ஆம் ஆண்டு ஒக்டோபரில், தோழர் ஒருவரோடு அநுராதபுரம் வழியே மல்வத்து ஓயாவைப் பின்பற்றி நடந்து, ஒல்லாந்தரின் அரிப்புக் கோட்டையை அடைந்தார். முத்திரையை அவர் உடைக்கவில்லை. மனிதரின் நம்பிக்கை அவருக்கு வழிவிட்டது.

கண்டி இராச்சியத்தின் முடிவும் இப்படித்தான். தலதா மாளிகைக்கு அருகே உள்ள பழைய படையினர் இடுகாட்டில் ஜோன் டொயிலியின் கல்லறை இருக்கிறது. அங்கே நான் பலமுறை நின்றிருக்கிறேன். 1810 முதல் 1815 வரை அவர் எழுதிய நாட்குறிப்பில், மலைநாட்டிலிருந்து வந்த தூதர்களும் ஒற்றர்களும் வணிகர்களும் பிக்குகளும் நிறைந்திருக்கிறார்கள். ஓலைகள் வந்தன, ஓலைகள் போயின. டொயிலி சிங்களம் நன்கு கற்றவர். ஆனால் அவர் கையில் இருந்த பெரிய சாவி மொழியறிவு அல்ல. அரசன் மீது பிரதானிகள் கொண்ட வெறுப்பு அது. 1815 மார்ச் 2ஆம் திகதி மகுல் மடுவவில் ஒப்பந்தம் வாசிக்கப்பட்டபோது, மலைக்கோட்டை பெரிய சண்டை எதுவும் இல்லாமலே கைமாறியிருந்தது.

அடுத்த பெரிய இரகசியம் இரண்டாம் உலக யுத்தத்தோடு வந்தது. ஜப்பானியக் கடற்படை சொற்களை ஐந்திலக்க எண்களாக மாற்றி, அவற்றோடு இன்னொரு புத்தகத்து எண்களையும் கூட்டி அனுப்பியது. பூட்டுக்குமேல் பூட்டு. 1942 மார்ச்சில் கொழும்பில் இருந்து ஒட்டுக்கேட்டவர்களுக்கு ஏதோ ஓர் இடம் தாக்கப்படப் போகிறது என்று தெரிந்தது. எந்த இடம் என்று தெரியவில்லை. அப்போது ஜப்பானியத் தந்தியாளர் ஒருவர் 'கோ-ரோ-ன்-போ' என்று எழுத்துக்கூட்டி அனுப்பிவிட்டார்! ஏப்பிரல் 5ஆம் திகதி உயிர்த்த ஞாயிறன்று குண்டுகள் விழுந்தன. எதிர்பார்த்த நாள் சற்றே பிந்தியது. ஆனால் ஊர் தப்பவில்லை. பின்னர் 1944 ஏப்பிரலில் மௌண்ட்பேட்டன் பிரபு தென்கிழக்காசியப் படைத் தலைமையகத்தைப் பேராதனைப் பூங்காவுக்குக் கொண்டுவந்தார். மகாவலி வளைந்து சூழும் அந்தப் பூங்காவில், உடைக்கப்பட்ட மறைச்செய்திகளின் சாரத்தைப் படித்துப் பர்மா யுத்தத்துக்குத் திட்டம் தீட்டினார்கள். இன்று அங்கே உலாவும் காதலர்களுக்கு இது தெரியுமோ என்னவோ.

எத்தனை பூட்டுப் போட்டாலும் ஒரு கை தவறிவிடுகிறது. இனி எங்கள் வீட்டு மழை.

அப்போது எனக்கு 12 வயது. உடன்பாடு எனக்குத் தெரியாது. சின்னப் பையன் வெளியே உளறிவிடுவான் என்று அம்மா சொல்லவில்லை. ஒருநாள் அம்மாவின் கடிதத்தின் அடியில் கொஞ்சம் இடம் இருந்தது. 'நீயும் அண்ணாவுக்கு இரண்டு வரி எழுது' என்றார். நான் எழுதினேன்: 'இங்கே மூன்று நாளாக ஒரே மழை. பள்ளிக்கூடம் இல்லை.' அம்மா அதை வாசிக்காமலே உறையை ஒட்டிவிட்டார்.

ஐந்தாம் நாள் விடியற்காலை கதவு தட்டும் சத்தம் கேட்டது. அண்ணா வாசலில் நின்றார். யாழ்தேவியில் ஏறி, பொல்காவலையில் மாறி, வழியெல்லாம் சோதனைக்கு இறங்கி ஏறி வந்திருந்தார். சட்டை நனைந்து உடம்போடு ஒட்டியிருந்தது. வெளியே கொட்டிக்கொண்டிருந்தது. அம்மாவையும் என்னையும் மாறிமாறிப் பார்த்தார். பிறகு, 'நீதானேடா மழை என்று எழுதினாய்?' என்றார்.

'மழைதானே அண்ணா பெய்தது' என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. திண்ணையில் இருந்து இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டார். கண்டியில் வாழ்கிறவர்கள் குழப்பத்துக்கு மழை என்று பெயர் வைத்திருக்கக்கூடாது. அதைவிட, பயந்து பயந்து கடிதம் எழுதும் ஒரு காலம் வந்திருக்கவே கூடாது. அம்மா உள்ளே போய் ஒரு துவாயை எடுத்துவந்து அவர் தலையைத் துவட்டினார். அந்தச் செய்தியை வாசிக்க எவருக்கும் எந்தச் சாவியும் தேவைப்படவில்லை.