14 பறவைகள், ஒரு கிராமம்: புகுன் லியோசிக்லாவைக் காப்பாற்றுவது யார்?

புதிய பறவை இனம் ஒன்று கிடைத்தால் விஞ்ஞானிகள் வழக்கமாக என்ன செய்வார்கள்? அதில் ஒன்றைக் கொன்று, பாடம் செய்து, அருங்காட்சியகத்தில் சாம்பிளாக வைப்பார்கள். பிற்காலத்தில் சந்தேகம் வந்தால் ஒப்பிட்டுப் பார்க்க அது தேவை.

ஆனால் 2006-ல் அருணாச்சலப் பிரதேசத்தில் கிடைத்த ஒரு பறவைக்கு அப்படிச் செய்யவில்லை. அப்போது பதிவானவை மொத்தமே 14 பறவைகள்தான். அதில் ஒன்றைக் கொன்றாலும் அந்த இனத்துக்கே ஆபத்து. அந்தப் பறவைதான் புகுன் லியோசிக்லா.

பார்க்க எப்படி இருக்கும்?

மைனாவைவிடக் கொஞ்சம் சின்னது. உடல் ஆலிவ் பச்சையும் சாம்பலும் கலந்த நிறம். தலையில் தொப்பி போட்ட மாதிரி கறுப்பு. கண்ணுக்கு முன்னும் பின்னும் தங்க மஞ்சள் பட்டை. இறக்கையில் மஞ்சள், சிவப்பு, வெள்ளைத் திட்டுகள். கறுப்பு வாலின் நுனியில் நெருப்புச் சிவப்பு.

நம்ம ஊர் தவிட்டுக்குருவியும், நீலகிரியில் வாழும் சிரிப்பானும் இதே குடும்பம்தான். ஆனால் இதற்கு மிக நெருங்கிய உறவுப் பறவை இருப்பது ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால், சீனாவின் மலைகளில்.

எங்கே வாழ்கிறது?

மேற்கு காமெங் மாவட்டத்தில் ஈகிள்நெஸ்ட் வனவிலங்கு சரணாலயம் இருக்கிறது. ஈரப்பதம் நிறைந்த கிழக்கு இமயமலைக் காடு. அந்தச் சரணாலயத்திலும் அதை ஒட்டியுள்ள சிங்சுங் கிராமத்தின் காட்டிலும், கடல் மட்டத்திலிருந்து 2,000 மீட்டருக்கு மேல், புதர்கள் அடர்ந்த மலைச்சரிவுகளில் இது சின்னச் சின்னக் கூட்டமாகத் திரிகிறது. உலகில் வேறெங்கும் இது இருப்பதாகப் பதிவு இல்லை.

கண்டுபிடித்தது யார்?

ரமணா ஆத்ரேயா. இவர் பறவையியல் பேராசிரியர் அல்ல, வானியல் விஞ்ஞானி! 1995-ல் இந்தப் பறவையை முதன்முதலில் பார்த்தார். என்ன பறவை என்று அவருக்கே பிடிபடவில்லை. மறுபடியும் பார்க்கப் பத்து வருடம் ஆனது. 2006 மே மாதம் வலை விரித்து இரண்டு பறவைகளைப் பிடித்தார். அளவெடுத்து, போட்டோ எடுத்து, உதிர்ந்த சில இறகுகளை மட்டும் வைத்துக்கொண்டு பறக்கவிட்டார். அந்த இறகுகள், போட்டோக்கள், குரல் பதிவுகள் ஆகியவற்றை வைத்தே புதிய இனம் அறிவிக்கப்பட்டது.

பெயரில் 'புகுன்' எப்படி வந்தது?

சிங்சுங் கிராமத்தில் வாழும் பழங்குடியினர்தான் புகுன் மக்கள். அவர்களைச் சிறப்பிக்கவே இந்தப் பெயர். இது வெறும் மரியாதைக்காக வைத்த பெயர் என்று நினைத்துவிட வேண்டாம். பறவை நடமாடும் காட்டின் ஒரு பகுதி அரசுக் காடு அல்ல, புகுன் மக்களின் சமூகக் காடு. அங்கே மரம் வெட்டுவதா, வேண்டாமா என்பது அவர்கள் கையில் இருந்தது.

கிராம மக்கள் என்ன செய்தார்கள்?

2017-ல் தங்கள் காட்டில் சுமார் 17 சதுர கிலோமீட்டரை சமூகக் காப்பகமாக அறிவிக்க முன்வந்தார்கள். 1972-ம் ஆண்டின் வனவிலங்கு பாதுகாப்புச் சட்டத்தில் 2002-ல் செய்த திருத்தம்தான் இதற்கு வழி செய்தது.

இதில் நிலம் மக்களிடமே இருக்கும். நிர்வாகக் குழுவில் கிராமப் பிரதிநிதிகளே அதிகம், வனத்துறை சார்பில் ஒருவர் இருப்பார். ஆனால் ஒருமுறை அறிவித்துவிட்டால் நினைத்தபடி மாற்ற முடியாது. நிலப் பயன்பாட்டை மாற்ற, குழுவின் தீர்மானமும் வேண்டும், மாநில அரசின் ஒப்புதலும் வேண்டும். அதாவது, தங்கள் சொந்தக் காட்டின் மீதான உரிமையில் ஒரு பகுதியை மக்களே விட்டுக்கொடுத்திருக்கிறார்கள்.

பதிலுக்கு என்ன கிடைக்கிறது? பறவை பார்க்க வருபவர்களுக்கான முகாம்கள், வழிகாட்டி வேலை, சமையல் வேலை மூலம் வருமானம் வருகிறது. புகுன் இளைஞர்கள் காட்டில் ரோந்து போகிறார்கள்.

அப்போ ஆபத்து நீங்கிவிட்டதா?

இல்லை. சர்வதேச இயற்கைப் பாதுகாப்புக் கூட்டமைப்பின் சிவப்புப் பட்டியலில் இது 'மிக அருகிய' இனம். அழிவுக்கு முந்தைய நிலையாக, காட்டில் வாழும் உயிரினங்களுக்குத் தரப்படும் கடைசி எச்சரிக்கை இதுதான்.

மொத்த இனமும் ஒரே மலைப் பகுதியில் இருப்பதுதான் பெரிய சிக்கல். ஒரு காட்டுத்தீ, ஒரு சாலைப் பணி, ஒரு நோய் போதும். அடர்ந்த காட்டில் கண்ணில் படாதவை இன்னும் சில இருக்கலாம். அப்படியே இருந்தாலும் எண்ணிக்கை மிகக் குறைவுதான்.

பார்க்கப் போகிறவர்களும் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. போட்டோவுக்காகப் பறவையின் குரலை ஸ்பீக்கரில் திரும்பத் திரும்பப் போடக் கூடாது. எதிரி வந்துவிட்டதாக நினைத்து, இரை தேடுவதையும் குஞ்சுகளைக் கவனிப்பதையும் விட்டுவிட்டு அது அலைந்து திரியும். 14 பறவைகள், அதில் சில ஜோடிகள் மட்டுமே குஞ்சு பொரிக்கின்றன என்றால், ஒரு கூடு வீணாவதுகூடப் பெரிய இழப்புதான்.