தமிழில் ஊர் மர்மக்கதையும் சின்னத்திரைத் தொடரும்

எல்லாரும் எல்லாரையும் அறிந்த ஒரு சிற்றூரிலோ, ஊர் போலவே வாழும் ஒரு தெருவிலோ நிகழும் புதிர்க்கதையை இக்கட்டுரை ஊர் மர்மக்கதை என்று குறிக்கிறது. அதில் திருட்டோ கொலையோ நடக்கும். அதன் கொடுமை விரித்துரைக்கப்படாது. துப்பறிபவர் பெரும்பாலும் காவல்துறைக்கு வெளியே இருப்பவர். முடிச்சு அவிழ்ந்ததும் ஊரார் பழையபடி ஒருவரோடொருவர் வாழத் தொடங்குவார்கள். ஆங்கிலத்தில் இவ்வகைக்குப் பெரும் புகழ் தேடித் தந்தவர் அகதா கிறிஸ்டி. செயின்ட் மேரி மீட் என்ற கற்பனைக் கிராமத்தில் வாழும் அவருடைய மிஸ் மார்ப்பிள் 1930இல் முதல் நாவலில் வந்தார். தமிழில் இவ்வகை வார இதழ்களில் வளர்ந்து, தொலைக்காட்சி வந்தபின் டைட்டில் இசையோடு வீடுகளுக்குள் நுழைந்தது. உண்மை வெளிப்படும் இடம் துப்பறிபவரின் மூளையைவிட ஊரார் கூடிய சபையாக இருப்பது தமிழ்க் கதைகளின் தனி இயல்பு. அந்த இயல்பின் வேர் நாவலுக்கு மிக முந்தையது.

வெண்ணெய்நல்லூர் வழக்கு

விழுப்புரம் மாவட்டத்தில் தென்பெண்ணையாற்றை ஒட்டிய திருவெண்ணெய்நல்லூரைச் சைவர்கள் மெய்கண்டாரின் ஊராகவும், கம்பரை ஆதரித்த சடையப்ப வள்ளலின் ஊராகவும் போற்றுகிறார்கள். ஆனால் அவ்வூரின் முதல் புகழ் ஒரு வழக்கினால் வந்தது. 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரியபுராணத்தில் தடுத்தாட்கொண்ட புராணம் அதைச் சொல்கிறது.

திருநாவலூரில் பிறந்த சுந்தரருக்குப் புத்தூரில் மணம் நடக்கவிருக்கிறது. பந்தலுக்குள் முதியவர் ஒருவர் நுழைந்து, மணமகன் தன் அடிமை என்கிறார். சுந்தரரின் பாட்டனார் தானும் தன் வழிவருவோரும் அடிமை என்று எழுதிக்கொடுத்த ஓலை தன்னிடம் இருக்கிறதாம். சுந்தரர் அவரைப் பித்தன் என்று பழித்து, விரட்டிச் சென்று, ஓலையைப் பிடுங்கிக் கிழித்துவிடுகிறார். சான்று அழிந்தது, வழக்கும் முடிந்தது என்றே எவருக்கும் தோன்றும். முதியவரோ கலங்கவில்லை. கிழிபட்டது படியோலை, மூல ஓலை பத்திரமாக இருக்கிறது, என் ஊர் வெண்ணெய்நல்லூர், அங்கே வா என்கிறார்.

அவ்வூர்ச் சபையில் நடப்பது முறையான ஆவண விசாரணை. வழக்கமான அனுபவம், எழுத்துச் சான்று, அயலார் சாட்சி என்னும் மூன்றில் ஒன்றைக் காட்டும்படி சபையார் கேட்கிறார்கள். மூல ஓலையை ஊர்க் கரணத்தார் படிக்கிறார். சாட்சியாகக் கையெழுத்திட்டவர்கள் தங்கள் எழுத்துத்தான் என்று ஒப்புகிறார்கள். அதோடு விடவில்லை. பாட்டனார் எழுதிய வேறோர் ஓலையைக் காப்பிலிருந்து வரவழைத்து, இரண்டின் எழுத்தையும் ஒப்பிட்டுப் பார்த்த பிறகே சுந்தரர் தோற்றதாகத் தீர்ப்பு வருகிறது. பிறகு சபையார் முதியவரைக் கேட்கிறார்கள்: நம் ஊர் என்கிறீரே, உம் வீடு எது? அவர் முன்னே நடந்து அருட்டுறைக் கோயிலுக்குள் புகுந்து மறைந்துவிடுகிறார். வந்தவர் சிவபெருமான்.

சேக்கிழார் மர்மக்கதை எழுத உட்காரவில்லை. இது பக்தி நூல். ஆயினும் கலைந்த மணம், அழிக்கப்பட்ட சான்று, போலி ஓலையோ என்ற ஐயம், கையெழுத்து ஒப்பீடு, ஊரில் எவருக்கும் முகவரி தெரியாத வாதி என்று புதிருக்கு வேண்டிய எல்லாம் இதில் அமைந்திருக்கின்றன. சேக்கிழார் சோழ அரசில் அமைச்சராக இருந்தவர் என்பது மரபு. ஆவணங்கள் எப்படிச் சரிபார்க்கப்படும் என்பதை நேரில் கண்டவரின் கை இந்தப் பாடல்களில் தெரிகிறது. முடிவும் கவனிக்கத் தக்கது. தோற்றவர் தண்டனை பெறவில்லை. வென்றவருக்கு வன்தொண்டராகவும் தோழராகவும் ஆகிறார். வழக்கைத் தீர்த்து, உறவைக் காப்பாற்றும் இந்த முடிவுதான் பின்னாளில் தமிழ் வாசகர்கள் துப்பறியும் கதைகளிலும் எதிர்பார்த்தது.

அச்சுக்கு வந்த துப்பறிவாளர்கள்

தமிழில் அச்சான முன்னோடித் துப்பறியும் நூல் பண்டித ச. ம. நடேச சாஸ்திரியின் தானவன் கதைகள், 1894இல் வெளிவந்தது. தானவன் காவல்துறை ஆள். அடுத்த தலைமுறையில் ஆரணி குப்புசாமி முதலியார், ஜே. ஆர். ரங்கராஜு, வடுவூர் துரைசாமி ஐயங்கார் மூவரும் பெருவாரியான வாசகர்களைத் திரட்டினார்கள். முதலியார் ஆங்கில நாவல்களைத் தழுவி நிறைய எழுதினார். ரங்கராஜுவின் துப்பறியும் கோவிந்தன் தமிழ்க் குடும்பங்களின் சொத்துச் சண்டைக்குள்ளும் மணச் சிக்கலுக்குள்ளும் நுழைந்தார். வடுவூரார் இன்னும் ஒரு படி மேலே போய், திகம்பர சாமியார் என்ற துறவியைத் துப்பறிவாளராக்கினார். அந்தக் கதை 1950இல் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பாக, எம். என். நம்பியார் பல வேடங்களில் தோன்ற, திரைப்படமானது. ஊரில் எந்த வீட்டுத் திண்ணையிலும் உட்கார உரிமையுள்ளவர் சாமியார். செய்தி சேகரிக்க அவரைவிடத் தகுந்த ஆள் கிடைப்பது அரிது.

துப்பறியும் சாம்பு

இந்த மரபின் உச்சம் தேவனின் சாம்பு. தேவன் என்ற புனைபெயரில் எழுதிய ஆர். மகாதேவன் 1913இல் திருவிடைமருதூரில் பிறந்தார். இளம் வயதிலேயே ஆனந்த விகடனில் சேர்ந்து, அதன் நிர்வாக ஆசிரியராக உயர்ந்து, 1957இல் 44 வயது நிறையும் முன்பே காலமானார். சாம்பு கதைகள் 1942இல் விகடனில் வரத் தொடங்கின, மொத்தம் 50. ஜப்பானியர் குண்டு போடுவார்கள் என்ற அச்சத்தில் சென்னை பாதி காலியான ஆண்டு அது. அந்த ஆண்டில் வாசகர்களுக்குக் கிடைத்தவர், நாற்பது வயதை எட்டியும் ஒன்றும் உருப்படாத ஒரு பாங்கிக் குமாஸ்தா.

சாம்புவுக்கு வழுக்கைத் தலை, பெரிய மூக்கு, மந்தமான புத்தி. வேலை போகிறது, தற்செயலாக ஒரு குற்றத்தின் நடுவே போய் விழுகிறார், அவர் தடுமாறியதே குற்றவாளியை மாட்டிவிடுகிறது. ஊர் அதை மேதைமை என்று கொண்டாடுகிறது. அதன்பின் ஒவ்வொரு கதையிலும் இதே ஏற்பாடு வெவ்வேறு உருவில் வரும். சாம்பு பயத்தில் ஓடுவார், தப்பான கதவைத் திறப்பார், வாய்க்கு வந்ததை உளறுவார். அவற்றுக்கெல்லாம் ஆழ்ந்த பொருள் கண்டு வியப்பவர் இன்ஸ்பெக்டர் கோபாலன். மனைவி வேம்பு, மகன் சுந்து என்று பின்னாளில் குடும்பமும் சேர்ந்துகொண்டது.

இதை வெறும் கோமாளிக் கதை என்று ஒதுக்குவது பெரிய பிழை. மேல்நாட்டுத் துப்பறியும் கதையில் வாசகரைவிட அதிகம் தெரிந்தவர் துப்பறிவாளர். தேவன் அதைத் தலைகீழாக்கினார். சாம்புவுக்கு ஒன்றும் தெரியாது என்பது வாசகருக்கு மட்டுமே தெரியும். மற்ற எல்லாரும் அவரை நம்புகிறார்கள். ஆகவே, குற்றவாளி யார் என்பதோடு, இந்தத் தடுமாற்றம் எந்த வழியாகப் புகழாக மாறப்போகிறது என்ற இரண்டாவது புதிரும் ஒவ்வொரு கதையிலும் ஓடுகிறது. 50 கதைகளுக்கு இந்தச் சூத்திரம் அலுக்காமல் போனதற்கு அதுவே காரணம். தேவனுக்குக் குற்றத்தைவிட மனிதர்களிடம் பிரியம் அதிகம். கொலை வழக்கொன்றின் விசாரணையையே நாவலாக்கிய ஜஸ்டிஸ் ஜகந்நாதன், அலுவலகப் பணத்தில் கைவைத்த குமாஸ்தாவின் மனப் போராட்டத்தைச் சொல்லும் ஸ்ரீமான் சுதர்சனம் ஆகியவற்றிலும் அந்தப் பிரியம் தெரியும்.

சாம்புவின் முகத்தை வாசகர் மனத்தில் பதித்தவர் ஓவியர் ராஜு. பின்னர் கோபுலுவின் கைவண்ணத்தில் சாம்பு சித்திரக்கதையாகவும் வந்தார்.

பாட்டு சேகரிக்க வந்தவன்

1950களுக்குப் பிறகு துப்பறிவாளர்கள் நகரத்துக்காரர்கள் ஆனார்கள். தமிழ்வாணனின் சங்கர்லால் உலகம் சுற்றினார். 1968இல் குமுதத்தில் வந்த நைலான் கயிறு நாவலில் சுஜாதா கணேஷ் என்ற வக்கீலை அறிமுகப்படுத்தினார். கணேஷின் உதவியாளன் வசந்த் பின்னால் வந்து சேர்ந்தான். பேருந்து நிலையக் கடைகளில் தொங்கிய மாத நாவல்களில் ராஜேஷ்குமாரும் பட்டுக்கோட்டை பிரபாகரும் சுபாவும் ஆட்சி செய்தார்கள். விழுப்புரத்திலோ திண்டிவனத்திலோ பேருந்து ஏறும்போது வாங்கி, இறங்கும்போது முடித்துவிடும் அளவு அவற்றுக்கு.

ஊருக்குத் திரும்பி வந்த பெரிய நாவல் ஒன்று உண்டு: விகடனில் தொடராக வந்த சுஜாதாவின் கரையெல்லாம் செண்பகப்பூ. நாட்டுப்பாடல் சேகரிக்க வரும் கல்யாணராமன், திருநிலம் என்ற கிராமத்தின் ஜமீன் மாளிகையில் தங்குகிறான். இரவில் கேட்கும் ஓசைகள், பேய் பற்றிய பேச்சு, பிறகு ஒரு கொலை. அத்தியாயங்களின் தலைப்பில் நாட்டுப்பாடல்கள் வரும். நாட்டுப்பாடலும் மர்மமும் இவ்வளவு இயல்பாகச் சேர்ந்த தமிழ் நாவல் வேறில்லை என்றே சொல்லலாம். வெளியூர்க்காரன் கிராமத்தைக் கவனிக்கிறான்; அதைவிடக் கூர்மையாகக் கிராமம் அவனைக் கவனிக்கிறது. 1981இல் ஜி. என். ரங்கராஜன் இயக்கத்தில் பிரதாப் போத்தன், ஸ்ரீப்ரியா நடிப்பில், இளையராஜா இசையோடு இது திரைப்படமானது.

தொலைக்காட்சியும் டைட்டில் இசையும்

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. வட மாவட்டக் கிராமங்களில் பல ஆண்டுகள் ஊருக்கு ஒரு பெட்டிதான். பஞ்சாயத்து டி.வி. அறையின் முன்னால் தரையில் அமர்ந்து பார்ப்பார்கள். வீட்டுக்கு வீடு பெட்டி என்ற நிலை, 2006இல் வந்த அரசின் இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டத்துக்குப் பிறகே முழுமையானது.

இப்படிக் கூடிப் பார்த்த காலத்தில் டைட்டில் இசைக்கு ஒரு வேலை இருந்தது. மாட்டைக் கட்டிக்கொண்டிருப்பவரையும் அடுப்படியில் இருப்பவரையும் அதுதான் அழைத்து வரும். விழுப்புரம் வட்டாரத்துக்கு இது புதிதும் இல்லை. தெருக்கூத்து தொடங்கும் முன் மிருதங்கம், முகவீணை, ஆர்மோனியம், தாளம் எல்லாம் சேர்ந்து முழங்குவதைக் களரி கட்டுதல் என்பார்கள். கூத்து தொடங்கப்போகிறது என்ற செய்தி அந்த இசையோடுதான் பக்கத்து ஊருக்குப் போகும். பிறகு கட்டியங்காரன் வந்து சபையைச் சிரிக்கவைப்பான்; ஒவ்வொரு வேடமும் திரைக்குப் பின்னிருந்தே தன் வரவைப் பாடிவிட்டு வெளிப்படும். யார் வருகிறார், எதற்கு வருகிறார் என்று பாட்டிலேயே சொல்லிவிடும் இம்முறையைப் பழகியவர்கள் தொலைக்காட்சித் தொடரின் முகப்பை எளிதாக ஏற்றுக்கொண்டார்கள்.

சாம்புவும் தூர்தர்ஷனுக்கு வந்தார். நாடக மேடையில் புகழ்பெற்ற காத்தாடி ராமமூர்த்தி அந்த வேடத்தை ஏற்றார். சாம்புவின் குழப்பத்தை முகத்தில் நிறுத்திக்கொண்டே பிறர் வியப்பையும் ஏற்கும் நடிப்புக்கு மேடைப் பயிற்சி உதவியது.

நாடு முழுவதும் முணுமுணுத்த ஊர்த் தொடர் இசை ஒன்று தமிழர் கையிலிருந்து பிறந்தது. சென்னையில் 1906இல் பிறந்த ஆர். கே. நாராயண், 1935இல் வெளியான தம் முதல் நாவலிலேயே மால்குடி என்ற ஊரைப் படைத்திருந்தார். சங்கர் நாக் 1980களின் பிற்பாதியில் மால்குடி டேஸ் தொடரைத் தூர்தர்ஷனுக்காக இயக்கினார். படப்பிடிப்பு கர்நாடகத்தின் ஆகும்பேயில் நடந்தது. அந்த முதல் நாவலின் சிறுவன் சுவாமியாக மாஸ்டர் மஞ்சுநாத் நடித்தார். முகப்பில் வரும் கோட்டோவியங்கள் நாராயணின் தம்பி ஆர். கே. லக்ஷ்மணுடையவை. இசை எல். வைத்தியநாதன். வயலின் மேதைகள் எல். சுப்பிரமணியம், எல். சங்கர் ஆகியோரின் அண்ணன் அவர். ஏழாவது மனிதன் படத்தின் இசையமைப்பாளர். மால்குடியின் முகப்புக்கு அவர் சொற்களே தரவில்லை. குரல்கள் வெறுமனே இசைக்கும். இந்தி தெரியாத தமிழ்ப் பிள்ளைகளுக்கும் அந்த இசை முழுதாகச் சொந்தமாக இருந்தது.

அமெரிக்காவிலும் இதற்கு இணை உண்டு. மேபெரி என்ற கற்பனைச் சிற்றூரைக் களமாகக் கொண்டு 1960 முதல் 1968 வரை ஓடிய ஆண்டி கிரிஃபித் ஷோவின் முகப்பிலும் பாட்டுக்குச் சொல் இல்லை. அதை அமைத்தவர்களில் ஒருவரான எர்ல் ஹேகனே விசிலடித்தார். அதே காலத்தில் வந்த பெவர்லி ஹில்பில்லீஸ் தொடரோ, கதை முழுவதையும் முகப்புப் பாட்டிலேயே சொல்லிவிடும். கிராமத்துத் தொடர்களைப் பார்ப்பவர்கள் விளம்பரதாரர்கள் விரும்பும் நகரத்து இளைஞர்கள் இல்லை என்று கருதிய சி.பி.எஸ். நிறுவனம், 1971ஐ ஒட்டி அவற்றை வரிசையாக நிறுத்தியது. பார்வையாளர் குறையாத நிலையிலும் நிறுத்தியது வருந்தத்தக்க முடிவு.

கருப்புசாமியின் காவல்

தனியார் அலைவரிசைகள் வந்தபின் ஊர் மர்மக்கதைக்குக் கிடைத்த வலிமையான வடிவம் மர்மதேசம். இந்திரா சௌந்தர்ராஜன் எழுத, நாகா இயக்க, கே. பாலசந்தரின் குடும்ப நிறுவனமான மின்பிம்பங்கள் தயாரிக்க, 1990களின் பிற்பாதியில் சன் டி.வி.யில் வாரம் ஒருமுறை வந்தது. அதன் பகுதிகளில் இன்றும் அதிகம் பேசப்படுவது விடாது கருப்பு. விட்டுவிடு கருப்பா என்ற நாவலிலிருந்து உருவான அதில் சேத்தனும் தேவதர்ஷினியும் நடித்தார்கள். தவறு செய்தவர்களைக் காவல்தெய்வமே குதிரையேறி வந்து தண்டிப்பதாக ஒரு கிராமம் நம்புகிறது. படித்த வெளியூர்ப் பெண் அதை ஆராய்கிறாள். கதைநாயகன் ராஜேந்திரனின் சிறுவயதுக் காலமும் அவன் வளர்ந்த காலமும் மாறி மாறி வரும். அந்தப் பின்னலை வார இடைவெளியைத் தாண்டி நினைவில் வைத்திருந்து தொடர்ந்தார்கள் கிராமத்துப் பார்வையாளர்கள்.

இது இதமான கதை இல்லை; அச்சம் அதிகம். ஆனால் அடிப்படை பழையதே. அழகர்கோயிலில் பதினெட்டாம்படிக் கருப்பு சந்நிதியில் சத்தியம் செய்து வழக்குகளைத் தீர்த்துக்கொள்வது மதுரைப் பக்கத்து வழக்கம். பொய்ச் சத்தியம் செய்தவனைக் கருப்பு விடமாட்டான் என்ற நம்பிக்கையே அங்கு நீதிமன்றம். மதுரையில் வாழ்ந்த இந்திரா சௌந்தர்ராஜனுக்கு அது பக்கத்துக் கோயில். அந்த நம்பிக்கையைக் கேலி செய்யாமலும், ராஜேந்திரனின் மனநோய் என்ற மருத்துவ விளக்கத்தைக் கைவிடாமலும் கதையை நடத்தியது அவருடைய பெரிய சாதனை. முனீசுவரனும் அய்யனாரும் எல்லையில் நிற்கும் விழுப்புரத்து ஊர்களில் இக்கதைக்குத் தனி விளக்கம் தேவைப்படவில்லை. இந்திரா சௌந்தர்ராஜன் 2024 நவம்பர் 10 அன்று மறைந்தார்.

இதே நாகாதான் ரமணி vs ரமணி என்ற கணவன் மனைவி நகைச்சுவைத் தொடரையும் இயக்கினார். ஒரே தயாரிப்பு நிறுவனத்தில், ஏறத்தாழ ஒரே காலத்தில், சிரிப்பும் திகிலும் வாரத்துக்கு அரைமணி என்ற அளவில் உருவாயின. 1999இல் சித்தி, 2002இல் மெட்டி ஒலி என்று தினசரித் தொடர்கள் மாலை நேரத்தைப் பிடித்தன. அவற்றின் டைட்டில் பாடல்களும் தினா இசையில், நித்யஸ்ரீ மகாதேவன் குரலில் பட்டிதொட்டியெல்லாம் ஒலித்தன. ஆனால் வாராந்தரத் தொடர் சுருங்கியதோடு மர்மக்கதைக்கு இன்றியமையாத ஒன்று போனது: அடுத்த வாரம் வரை கிணற்றடியிலும் டீக்கடையிலும் ஊரார் யார் குற்றவாளி என்று வாதாடிக்கொண்டிருந்த ஏழு நாள். 2004இல் நாகாவும் இந்திரா சௌந்தர்ராஜனும் சிதம்பர ரகசியத்தில் மீண்டும் சேர்ந்தபோது, நாடி ஜோதிட ஓலைகளைச் சுற்றிய புதிரைக் கொண்டு அந்த வாதத்தைச் சில காலம் மறுபடி தொடங்கிவைத்தார்கள்.